நாச்சம்மா அவரை

பூரணத்தம்மாவைப் பார்க்க வருகிறவர்கள் விதையோடு வரவேண்டும் என்று யாரும் சட்டம் போடவில்லை. ஆனாலும் வந்தார்கள்.

ஒட்டன்சத்திரம் தாண்டிப் பழனிக்குப் போகிற சாலையில், ஒரு வளைவில் இருந்தது குடில். முன்னால், நடந்து போகிறவர்களுக்குச் சோறு போடும் கொட்டகை. பின்னால் ஓட்டுக் கூரை போட்ட சமையல்கட்டு. அதற்குப் பக்கத்தில் தோட்டம். அம்மாவுக்கு நாற்பது வயது இருந்தால் அதிகம். காவி கட்டியதில்லை. உபதேசம் செய்ததில்லை. யாராவது எதையாவது கேட்டால், பாதி நேரம் கையில் ஒரு கூடையைக் கொடுத்து வெண்டை பறிக்க அனுப்பிவிடுவார்.

தோட்டத்தில் எல்லாமே கடைக்கு வராத காய்கள். கொண்டுவந்தவர் பெயரே காயின் பெயர். யானைத் தந்தம் மாதிரி வெளுத்துத் தடித்த வெண்டைக்கு ‘டிரைவர் வெண்டை’. பச்சை வரி ஓடிய கத்தரிக்கு ‘பெரிய டீச்சர் கத்தரி’. அந்த டிரைவர் செத்து நாலு வருசம் ஆகிறது. வெண்டை இன்னும் டிரைவர்தான்.

சடையப்பன் வந்தது ஒரு ஆனி மாதத்துக் காலையில். வயது ஐம்பத்தொன்பது. முப்பத்திரண்டு வருசம் மின்சார வாரியத்தில் லைன்மேன். கையில் ஒரு பவுடர் டப்பா.

காலில் விழப் போனவரை அம்மா தடுத்தார்.

“எந்திரிங்கண்ணே. இந்த வயசுல குனிஞ்சா நிமிர்றது கஷ்டம்.”

சடையப்பன் டப்பாவைத் திறந்து நீட்டினார். உள்ளே அடுப்புச் சாம்பல். சாம்பலுக்குள் கறுப்பு விதைகள். ஒவ்வொன்றின் ஓரத்திலும் நகம் கீறியது போல ஒரு வெள்ளைக் கோடு.

“என் வீட்டுக்காரி எடுத்துவச்சதுங்கம்மா. நாச்சம்மான்னு பேரு. போன வருசம் மாசியில தவறிட்டா. வீட்டைக் காலி பண்ணும்போது அரிசிப் பானைக்குப் பின்னால கெடந்துச்சு.”

“அவரையா?”

“ஆமாங்க. ஓரம் ஊதாவா இருக்கும். எங்க கொல்லையில வருசா வருசம் காய்க்கும். எப்பப் போட்டா, எப்படி வளத்தா, ஒண்ணும் தெரியாது. நான் கேட்டதே இல்ல. காய் வரும். திம்பேன்.”

அம்மா சாம்பலை முறத்தில் கொட்டிப் புடைத்தார். ஒவ்வொரு விதையாக வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். பெரும்பாலானவற்றில் வண்டு துளைத்த ஓட்டை. முழுசாகத் தேறியது ஒன்பது.

“வேற யார்கிட்டயாவது இந்த விதை இருக்கா?”

“சொந்தபந்தம் எல்லாத்துக்கும் போன் போட்டுட்டேன். யாருகிட்டயும் இல்ல. இவ்வளவுதான்.” சடையப்பன் முறத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். “பெருசா ஒண்ணும் கேக்கலைங்கம்மா. அந்த ருசி ஒரே ஒரு தடவை வாயில பட்டாப் போதும். அவ முகம் கூட இப்பல்லாம் சரியா ஞாபகம் வரமாட்டேங்குது. நாக்கு மட்டும் தேடிக்கிட்டே இருக்கு.”

“ஆடி பொறக்கட்டும்” என்றார் அம்மா. “அதுவரைக்கும் இங்கயே இருங்க.”

ஆடிப் பதினெட்டு அன்று ஒன்பதையும் ஊன்றினார்கள். நாலு அழுகின. இரண்டு முளைக்கவே இல்லை. முளைத்த மூன்றில் ஒன்றைக் கோழி கொத்தியது. ஒன்றை நத்தை தின்றது.

மிஞ்சியது ஒரு கொடி.

அதற்கு மேல் சடையப்பன் மனுசராக இல்லை. கொடிக்குப் பந்தல் போட்டார். கம்பியை அவர் இழுத்துக் கட்டியதைப் பார்த்து, சமையல்கட்டில் காய் நறுக்கும் செங்கமலம் சிரித்தாள்.

“ஏண்ணே, இதுல அவரை ஏறணுமா, கரண்ட் ஓடணுமா?”

“நீ வேலையைப் பாரு தாயி.”

“லைன்மேன் அவரைன்னு எழுதி ஒரு போர்டும் மாட்டிருங்க. டேஞ்சர்னு ஒரு மண்டை ஓடும் போட்டுரலாம்.”

“லைன்மேன் அவரை இல்ல. நாச்சம்மா அவரை.”

அவர் சொன்ன தொனியில் செங்கமலம் சிரிப்பை நிறுத்திக்கொண்டாள்.

புரட்டாசியில் பக்கத்து வரப்பில் எலி வந்து, பூசணிக் கொடியை அடியோடு கடித்துப் போட்டது. மறுநாள் பொழுது சாய்வதற்குள் சடையப்பன் சமையல்கட்டிலிருந்து ஒயர் இழுத்து, பந்தல்காலில் ஒரு பெரிய விளக்கை மாட்டிவிட்டார். சுவிட்சைப் போட்டதும் தோட்டம் பளீரென்றது. கயிற்றுக் கட்டிலைக் கொடியின் அடியிலேயே போட்டுக்கொண்டார். பக்கத்தில் ஒரு தடி. விடியும்வரை விளக்கு எரிந்தது. எலி வரவில்லை. தினமும் அப்படித்தான்.

கொடி அமோகமாகப் படர்ந்தது. பந்தலை மூடியது. இலை ஒவ்வொன்றும் உள்ளங்கை அகலம். சாணமும் மீன் கரைசலும் போட்டுப் போட்டு, தண்டு கட்டைவிரல் கனம் ஆனது. அங்கே நிற்காமல் சமையல்கட்டு ஓட்டின் மேலும் ஏறிப் போனது.

ஐப்பசி வந்தது. அக்கம்பக்கத்து அவரையெல்லாம் பூத்தது. இது பூக்கவில்லை.

“ஆம்பளைக் கொடியோ என்னவோ” என்றாள் செங்கமலம்.

சடையப்பன் இன்னொரு குடம் தண்ணீர் கொண்டுவந்து ஊற்றினார்.

கார்த்திகை பிறந்தது. ஊர்க்காரர்கள் காய் பறிக்கத் தொடங்கிவிட்டார்கள். இந்தக் கொடியில் ஒரு மொட்டு இல்லை. ஒருநாள் காலையில் பந்தல்காலில் ஒரு பிய்ந்த செருப்பு தொங்கியது. காய்க்காத மரத்துக்கு ரோசம் வரட்டும் என்று அந்தப் பக்கத்தில் கட்டுவார்கள்.

சடையப்பன் அதை அறுத்து வீசினார்.

“யாரு கட்டினது?”

“நல்லதுக்குத்தாண்ணே கட்டினேன்” என்றாள் செங்கமலம்.

“அவளுக்குச் செருப்பு மாலையா போடுற?”

வீசின செருப்பைப் பொறுக்கிக்கொண்டு செங்கமலம் உள்ளே போனாள். கொஞ்ச நேரம் கழித்து அவளே ஒரு டம்ளரில் டீ கொண்டுவந்து கட்டில் பக்கத்தில் வைத்துவிட்டுப் போனாள்.

அன்றைக்குச் சடையப்பன் அம்மாவிடம் கேட்டார்.

“நான் என்னம்மா குறை வச்சேன்?”

“தெரியலண்ணே.”

“தண்ணி?”

“குறை இல்ல.”

“உரம்?”

“அதுவும் குறை இல்ல.”

“காவல்? கண்ணு மூடாமக் காவல் இருக்கேன்.”

“நானும் பார்த்துக்கிட்டுத்தான் இருக்கேன். எனக்கும் தெரியல.”

சடையப்பனுக்கு அது பெரிய அடியாக இருந்தது. தெரியவில்லை என்று சொல்லும் குருவை அவர் எதிர்பார்க்கவில்லை. மூட்டையைக் கட்டலாமா என்றுகூட யோசித்தார். ஆனால் கொடியை மூட்டையில் கட்ட முடியாது.

அதற்கு நாலாம் நாள் காலை. அம்மா அடுப்புச் சாம்பலைக் கொட்டச் சமையல்கட்டின் மறுபக்கம் போனார். விறகு அடுக்குகிற, யாரும் அதிகம் போகாத பக்கம். போனவர் வெகுநேரம் வரவில்லை. பிறகு குரல் மட்டும் வந்தது.

“அண்ணே, ஏணியை எடுத்துட்டு வாங்க.”

சடையப்பன் ஏணியைச் சாத்தினார். அம்மா முதலில் ஏறினார். முகட்டில் உட்கார்ந்துகொண்டு, பக்கத்து ஓட்டைத் தட்டிக் காட்டினார். சடையப்பன் ஏறிப்போய் உட்கார்ந்தார்.

இந்தப் பக்கம், தோட்டத்தைப் பார்த்த சரிவில், இலை. இலைக்கு மேல் இலை. பச்சையைத் தவிர ஒன்றுமில்லை.

அந்தப் பக்கச் சரிவு முழுக்கப் பூ.

ஊதாக் கொத்துகள் இலைக்கு மேலே கழுத்தை நீட்டிக்கொண்டு வரிசை வரிசையாக நின்றன. வண்டுகள் மொய்த்து ஓடே முணுமுணுப்பது போல இருந்தது. பனி இன்னும் காயவில்லை. ஒவ்வொரு பூவிலும் ஒரு சொட்டு.

சடையப்பன் முன்னால் நகர்ந்தார். கையை நீட்டி ஒரு கொத்தைத் தொட்டார். பிறகு அந்தக் கிளையை விரலால் தடவிக்கொண்டே பின்னால் வந்தார். கிளை முகட்டைத் தாண்டியது. இந்தப் பக்கம் வந்ததும் வெறும் இலை. இன்னொரு கிளையைத் தடவினார். அதுவும் அப்படியே. மூன்றாவதும்.

“ஒரே கொடிங்கம்மா.”

“ஆமா.”

“ஒரே வேர்.”

“ஆமா.”

“வெயில் ரெண்டு பக்கமும் அடிக்குது. மழை ரெண்டு பக்கமும் பெய்யுது. யாரோ நூல் பிடிச்சு அடிச்ச மாதிரி, பூவு முகட்டோட நிக்குதே.”

“யாரு பிடிச்ச நூலுண்ணே அது?”

சடையப்பன் முகட்டை இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை பார்த்தார். பிறகு திரும்பி, தோட்டத்தைப் பார்த்தார். பந்தல். பந்தல்கால். அதில் அவர் மாட்டிய விளக்கு. பகலாகிவிட்டதால் அணைத்திருந்தது. ஆனால் முப்பத்திரண்டு வருசம் கம்பத்தில் ஏறியவருக்கு, ஒரு விளக்கின் வெளிச்சம் எதுவரை போய் விழும் என்று அதை ஏற்றிப் பார்க்க வேண்டியதில்லை. விளக்கிலிருந்து கண்ணாலேயே ஒரு கோடு இழுத்தார். கோடு வந்து முகட்டில் முட்டியது. அதற்கு அந்தப் பக்கம் விளக்கு எட்டாது.

அந்தக் கோட்டை முகட்டு ஓட்டின் மேல் விரலால் இழுத்தார்.

“நான்தான்” என்றார்.

அம்மா விளக்கைப் பார்த்தார்.

“ராத்திரி அதுக்கு இருட்டு வேணும். இல்லீங்களா?”

“அப்படித்தான் தோணுது.”

“ஐப்பசி பொறந்தா ராத்திரி நீளும். அது நீண்டாத்தான் பூக்கும். நான் ராத்திரியையே காட்டாம வச்சிருந்திருக்கேன்.” குரல் இறங்கிவிட்டது. “அப்படின்னா... ராத்திரி எவ்வளவு நீளம்னு இது அளந்து பார்க்குதாம்மா?”

“அளக்குது போல.”

“கண்ணு இல்லாம?”

“கண்ணு இல்லாம.”

“இவ்வளவு இலையும்? தினமும்?”

அம்மா கையெடுத்துக் கும்பிட்டார். யாரை என்று தெரியவில்லை. எதிரே இருந்தது பூ மட்டும்தான். சடையப்பனும் கும்பிட்டார்.

கீழேயிருந்து செங்கமலம் கத்தினாள். “என்னண்ணே, மேல பாம்பா?”

“இல்ல தாயி” என்றார் சடையப்பன். “வெளிச்சம்.”

அவளுக்குப் புரியவில்லை. அவளையும் ஏறிவரச் சொன்னார்கள். ஏறிவந்து இரண்டு பக்கமும் பார்த்தவள், முதல் தடவையாகக் கேலி எதுவும் பேசாமல் இறங்கிப் போனாள்.

அன்று அந்தியில் சடையப்பன் விளக்கின் அடியில் நின்றார். கை சுவிட்சில் இருந்தது. போடவுமில்லை, எடுக்கவுமில்லை. அம்மா துளசிக்குத் தண்ணீர் ஊற்றிவிட்டு அந்த வழியாக வந்தார்.

“இது ஒண்ணுதாம்மா மிச்சம். இருட்டாக்கிட்டா எலி வரும்.”

“வரும்.”

“பூவைத் திங்கும்.”

“திங்கும்.”

“பிஞ்சையும் திங்கும்.”

“ஆமாண்ணே.”

“அப்புறம் நமக்கு?”

“அது தின்னது போக மிச்சம்.”

“மிச்சமே இல்லாமப் போயிட்டா?”

“போகலாம்” என்றார் அம்மா.

ஆறுதலாக ஒரு வார்த்தை வரும் என்று சடையப்பன் காத்திருந்தார். வரவில்லை. அவர் கைத்துண்டை விரலில் சுற்றி, விளக்கைக் கழற்றினார். ஒயரை முழங்கையில் சுற்றிச் சுற்றிச் சுருளாக்கி, ஆணியில் மாட்டினார். கட்டிலைத் தூக்கிக்கொண்டு போய்க் கொட்டகையில் போட்டார். திரும்பிப் பார்த்தபோது கொடி கண்ணுக்குத் தெரியவில்லை.

எலி வந்தது. பிஞ்சையும் தின்றது. ஆனால் இருபத்து மூன்றாம் நாள் பந்தலின் ஒரு மூலையில் முதல் கொத்து எழும்பியது. பிறகு எண்ண முடியவில்லை. மார்கழிப் பனியில் பந்தல் முழுக்க ஊதா ஏறியது. சாலையில் போகிறவர்கள் சைக்கிளை நிறுத்திவிட்டுப் பார்த்தார்கள். சடையப்பன் காலையில் எழுந்ததும் பல்கூட விளக்காமல் அதன் அடியில் போய் நிற்பார். என்ன பார்க்கிறீர்கள் என்று யாராவது கேட்டால், “ராத்திரியைப் பார்க்குறேன்” என்பார்.

தையில் காய் திரண்டது. விரல் நீளம். பட்டையாக, ஓரத்தில் ஊதாக் கோடு. நல்ல காயாகப் பார்த்து முப்பது காய்க்குச் சிவப்பு நூல் கட்டி விதைக்கு விட்டார்கள். முதல் பறி ஒரு முறம் வந்தது. தைப்பூசத்துக்கு நடக்கிறவர்கள் சாலையில் போய்க்கொண்டே இருந்தார்கள். கொட்டகையில் கூட்டம்.

“இது நூறு பேருக்குக் காணாதே” என்றாள் செங்கமலம்.

“முதல் பறி அண்ணனோடது” என்றார் அம்மா. “அவரே சமைக்கட்டும்.”

சடையப்பன் காய்களை நாரெடுத்தார். நார் இரண்டு பக்கமும் நூலாக உரிந்து வந்தது. கையெல்லாம் அந்தப் பச்சை எண்ணெய் வாசம். முகர்ந்து பார்த்தார். “இதேதான்” என்றார். கண் கலங்கியிருந்தது.

“புளி ஊத்துவாங்களா?” செங்கமலம் கேட்டாள்.

“கொஞ்சமா.”

“தேங்காயா, கடலைப்பொடியா?”

“கடலைப்பொடி. பூண்டு தட்டிப் போடுவா. வெங்காயம் லேசாக் கருகியிருக்கும்.”

“கருகவிடுறதும் ஒரு பக்குவமா?”

“போட்டுட்டு யாரோடயாவது பேசப் போயிருப்பா.”

மண்சட்டியில் கொதித்தது. கடலைப்பொடி தூவி இறக்கினார். வாசம் சமையல்கட்டைத் தாண்டிப் போனது. வரிசையில் உட்கார்ந்திருந்த ஒருவர் தலையைத் திருப்பி முகர்ந்தார். சடையப்பன் சட்டியிலிருந்து ஒரு கரண்டி எடுத்து, ஊதி, வாயில் வைத்தார்.

மென்றார். நின்றார். இன்னொரு கரண்டி எடுத்தார்.

“என்னண்ணே?” என்றார் அம்மா.

“இது இல்ல.”

“உப்பா?”

“உப்பில்ல. புளியில்ல. எல்லாம் சரியாத்தான் இருக்கு. ஆனா இது அவ ருசி இல்ல.”

செங்கமலம் ஒரு வாய் எடுத்துப் போட்டுக்கொண்டாள். “அடியாத்தே! இவ்வளவு ருசியா நான் தின்னதே இல்ல. இதைப் போயி இல்லைங்குறீங்களே, நாக்குல என்ன ஆணியா?”

“விதை மாறிருச்சாம்மா?” என்றார் சடையப்பன்.

“மாறல.”

“அப்ப எனக்குத்தான் செய்யத் தெரியல.” தட்டில் போட்டதை அப்படியே ஓரமாகத் தள்ளிவைத்தார். “ஏழு மாசம். அவ்வளவும் இதுக்குத்தான். போனது போனதுதான் போல.”

எழுந்து கொட்டகைக்குப் போய், வந்தவர்களுக்கு இலை போட ஆரம்பித்தார். சாயங்காலம்வரை நிமிரவில்லை. சாப்பிடவும் இல்லை.

கூட்டம் கலைந்தபோது பொழுது சாய்ந்திருந்தது. கிணற்றடியில் கை கழுவிவிட்டு அப்படியே கல்லில் உட்கார்ந்துவிட்டார். அம்மா வந்து பக்கத்தில் உட்கார்ந்தார்.

“அண்ணே, வீட்டுல இதை எப்பச் சாப்பிடுவீங்க? மத்தியானமா?”

“வீட்டுலயா?” சடையப்பன் யோசித்தார். “வீட்டுல எங்கம்மா சாப்பிட்டேன். எனக்கு எப்பவும் நைட் டூட்டிதான். பகல்ல தூங்குவேன். அவ மத்தியானமே ஆக்கி வச்சிருவா. சாயங்காலம் கெளம்புறப்ப கேரியர்ல போட்டுக் குடுப்பா. நடுச்சாமத்துக்கு மேல, லைன் பழுது ஒண்ணும் இல்லைன்னா, சப்-ஸ்டேஷன் வாசப்படியில உக்காந்து திம்பேன்.”

“முப்பத்திரண்டு வருசமும்?”

“முப்பத்திரண்டு வருசமும்.”

“சூடா இருக்குமா?”

“சூடா? குழம்பு அப்படியே உறைஞ்சு கெடக்கும்.” சிரித்தார். “சோறு பாளம் பாளமா வரும்.”

அம்மா எழுந்து போனார். மத்தியானம் சடையப்பன் தள்ளிவைத்த தட்டை எடுத்து வந்தார். காய் ஆறி, கடலைப்பொடி இறுகி, எண்ணெய் மேலே வெளுத்திருந்தது. அதை அவர் மடியில் வைத்தார். பிறகு சமையல்கட்டு விளக்கையும் கொட்டகை விளக்கையும் அணைத்துவிட்டு வந்து உட்கார்ந்தார்.

தட்டில் என்ன இருக்கிறது என்று தெரியாத அளவுக்கு இருட்டியிருந்தது. சடையப்பன் விரலால் தடவி, ஒரு வாய் எடுத்து வைத்தார்.

கை பாதியில் நின்றது.

வெகுநேரம் அவர் மெல்லவே இல்லை. தோட்டத்தில் எங்கோ எலி சருகில் ஓடியது. அவர் தலையைத் திருப்பவில்லை. பிறகு மென்றார். இன்னொரு வாய். இன்னொன்று. விரலால் தட்டை வழித்தார்.

“அவதாம்மா” என்றார். “இதேதான். மூக்குத்தி போட்டிருப்பா. இடது பக்கம். முகம் தெரியுது.”

அம்மா காலித் தட்டை அவரிடமிருந்து வாங்கிக் கீழே வைத்தார்.

“அதே சட்டி. அதே காய். என் கையாலதான் செஞ்சேன்.” சடையப்பனின் குரல் பயந்தவர் குரல் போல இருந்தது. “அப்ப மத்தியானம், சுடச்சுட, நான் வாயில வச்சுட்டு இல்லைன்னு சொன்னேனே. அது யாரு ருசிம்மா?”

“நீங்க பகல்ல தூங்கினப்ப, அடுப்படியில தனியா உக்காந்து தின்னவங்க ருசிண்ணே.”